கையுறையில் எழுதிய நேரம்

இரண்டு பதினொன்றுக்கு ஸ்ட்ரெச்சர் உள்ளே வந்தது.
வெளியே ஐப்பசி மழை.
திருத்துறைப்பூண்டிச் சாலையில் புளியமரம் சாய்ந்து
மாங்குடி வழியாகச் சுற்றி வந்ததாம் வண்டி.

சொருகிய கண். கடிபட்ட நாக்கு.
மருதாணி மங்காத கைகள் இரண்டும்
வெட்டி வெட்டி இழுத்தன.
வலது கைக்குள் ஒரு சாவிக்கொத்து,
அறுவடை மெஷின் சாவியும் அதில்.
"இரும்பு குடுக்கச் சொன்னாங்க" என்றான் கணவன்.
நான் ஒன்றும் சொல்லவில்லை.
விரல் விரலாகப் பிரித்து எடுத்தேன்.
எனக்கு அந்தக் கையில்தான் நரம்பு வேண்டும்.

பெயர்?
தையல்நாயகி.
வயது?
இருபத்திரண்டு. இல்ல, மூணு.
இதுக்கு முன்னாடி வந்திருக்கா?
இல்லங்க. எனக்குத் தெரிஞ்சு இல்ல.

இடது கையுறையின் முதுகில்
நேரத்துக்குப் பக்கத்தில்
'தெரிஞ்சு' என்று எழுதிக்கொண்டேன்.

வண்டியிலேயே ஒரு மிடசோலம் போட்டிருந்தார்கள்.
இங்கே லோராசெபாம். 2.14.
சர்க்கரை நூற்றுப் பன்னிரண்டு. காரணம் அது இல்லை.
ஒருக்களித்துப் படுக்கவைத்து, எச்சில் உறிஞ்சி,
முகத்தில் ஆக்ஸிஜன்.
2.20. நிற்கவில்லை.

பேர் பதிவதற்குள் நின்றுவிடுகிற வலிப்புகளை
எத்தனையோ பார்த்திருக்கிறேன்.
இது அப்படி இல்லை.
நேரம் போகப் போக
மூளை தன் கதவுகளை உள்ளிழுத்துக்கொள்ளுமாம்.
மருந்து வந்து நிற்கும்.
தட்டுவதற்குக் கதவு இருக்காது.

நான் கடைமடைக்காரி.
கல்லணை திறந்தாச்சு என்று ரேடியோ சொல்லி
இருபது நாளாகியும்
எங்கள் வாய்க்காலில் தவளை நனைந்ததில்லை.
திறப்பது வேறு, வந்து சேர்வது வேறு.

2.22. லெவிடிரசெட்டம், பெரிய அளவு,
பத்து நிமிடத்தில் ஓடி முடிந்தது.
2.37. நிற்கவில்லை.
டாக்டர் ஹமீதா மயக்க மருந்துக்காரரை எழுப்பச் சொல்லிவிட்டு
அவன் பக்கம் திரும்பினார்.
"அவங்க அப்பாவுக்குப் போன் போடுங்க. ஸ்பீக்கர்ல."

கொஞ்ச நேரம் மழைச் சத்தம் மட்டும்,
அங்கேயும் இங்கேயும்.
பிறகு:
"ஒம்பதாவதுலேர்ந்து இருக்கும்மா. மாத்திரை ரெண்டு வேளை."
இப்ப?
"குடுத்தனுப்பல... அட்டையப் பாத்தா கேப்பாங்கன்னு..."
எத்தன நாளா?
"கல்யாணம் பதினோராந்தேதிம்மா."

இன்று பதினேழு.

கத்துவான் என்று நினைத்தேன்.
செக்யூரிட்டியைக்கூடப் பார்த்து வைத்தேன்.
அவன் என் சட்டைப்பையைக் காட்டி
"பேனா குடுங்க" என்றான்.
"அந்த மாத்திரை பேர் என்ன?"
இரண்டு முறை சொன்னேன்.
எழுத்துக்கூட்டி உள்ளங்கையில் எழுதினான்.
அதே பேனாவில் சம்மதக் கையெழுத்தும் போட்டான்:
வேதமூர்த்தி, க-வு-ர் இல்லாமல்,
கணவர் என்ற இடத்தில் 'கண' மட்டும்.

2.52. தொண்டையில் குழாய். வென்டிலேட்டர்.
சொட்டு சொட்டாக மயக்கம்.
கைகள் அடங்கின.
கண்ணாடிக்கு வெளியிலிருந்து கேட்டான்,
"நின்னுடுச்சா?"
"கை நின்னுடுச்சு" என்றேன்.

வெண்ணாற்றில் கோடையில் மணல்தான் தெரியும்.
காலால் தோண்டினால் ஒரு சாண் கீழே
தண்ணீர் போய்க்கொண்டிருக்கும்.

மூன்றே முக்காலுக்கு ஈஈஜி வந்தது.
தலைமுடியைப் பிரித்துக் கம்பிகள் ஒட்டினேன்.
கனகாம்பரம் ஒன்று, நசுங்கியது, கிடந்தது.
திரையில் கோடுகள்
முள்வேலியாய்க் குதித்துக்கொண்டிருந்தன,
அசையாத அந்த முகத்துக்குள்ளிருந்து.
டாக்டர் மருந்தைக் கூட்டினார்.
மறுபடி கூட்டினார்.
இரத்த அழுத்தம் இறங்கியது, அதற்கொரு மருந்து.

5.26க்குக் கோடு தாழ்ந்தது.
இடையிடையே ஒரு துள்ளல், பிறகு நீண்ட சமவெளி.
இப்படியே ஒரு நாளாவது வைத்திருப்போம்.
அப்புறம் மெல்ல மருந்தைக் குறைத்துப் பார்ப்போம்.
எழுந்தால் யாரைக் கேட்பாள் என்று
யாருக்கும் தெரியாது.

நேரங்களைக் கேஸ் ஷீட்டுக்கு ஏற்றினேன்.
ஒரு சொல்லுக்கு மட்டும் அதில் கட்டம் இல்லை.
கையுறை சிவப்புக் கூடைக்குப் போனது.

விடிந்தும் மழை விடவில்லை.
மாமனார் வந்து இறங்கும் பஸ்ஸுக்காக
அவன் வாசலைத் தாண்டிப் போனான்.
குடை இல்லை.
எழுதிய கையை மட்டும்
இறுக மூடியிருந்தான்.